ஷேல்: களிப்பாறையா, ஏட்டுக்கல்லா?

நண்பர்களுக்கு வணக்கம்.

சேறு இறுகி உண்டாகும் ஷேல் (shale) என்ற பாறைக்குக் 'களிப்பாறை' போதும், புதுச்சொல் எதற்கு என்று கேட்டிருந்தீர்கள். சரி, அப்புறம் கிளேஸ்டோனுக்கு என்ன வைப்போம்? அதுதானே உண்மையில் களியாலான கல்!

ஷேலை ஷேல் ஆக்குவது அது பிரியும் விதம். ஓரத்தில் கத்தி முனையை வைத்து நெம்பினால் தகடு தகடாகக் கழன்று வரும். அதே மணிகளாலான, அதாவது அதே அளவுத் துகள்களாலான, மட்ஸ்டோன் கட்டி கட்டியாகத்தான் உடையும். களித்தாதுக்கள் தட்டையானவை, மேலே படிவு ஏற ஏற, பாரம் தாங்காமல் ஒரே வாக்கில் படுத்துவிடும். இடையில் புழுக்கள் சேற்றைக் குடைந்து கலக்கியிருந்தால் அந்த அடுக்கு குலைந்துபோகும்.

ஆக, கேள்வி இரண்டு: மணி எவ்வளவு பெரிது, கல் பிரியுமா பிரியாதா. இரண்டையும் ஒரே சொல்லில் திணிப்பதால்தான் குழப்பம்.

முதலில் மணியளவு. 1/16 மில்லிமீட்டருக்கும் 1/256 மில்லிமீட்டருக்கும் இடைப்பட்டது சில்ட், அதற்கும் கீழே களி. மலையடிவாரத்தில் நுண்ணோக்கிக்கு எங்கே போவது? ஒரு துணுக்கை முன்பல்லில் கடித்துப் பார்ப்பார்கள். நறநறத்தால் சில்ட் இருக்கிறது. வழவழவென்று போனால் களி. சில்ட்டுக்கு 'வண்டல்' என்பதில் எனக்கு முழுத் திருப்தி இல்லை. ஆறு கொண்டுவந்து போடும் மணலையும் சேர்த்தே அப்படிச் சொல்கிறோம். ஆனாலும் புழங்கும் சொல்லை ஓர் அளவுக்குள் கட்டிப்போடுவதும் கலைச்சொல்லாக்கம்தான். எனவே சில்ட் மூன்றில் இரண்டு பங்குக்கு மேலிருந்தால் வண்டற்கல், களி அவ்வளவு இருந்தால் களிக்கல் (கிளேஸ்டோன்), நடுவில் நிற்பது சேற்றுக்கல் (மட்ஸ்டோன்). மொத்தக் குடும்பத்துக்கும் சேற்றுப்பாறை.

பிரியும் தன்மைக்கு 'ஏடு' என்ற முன்னொட்டைப் பரிந்துரைக்கிறேன். ஓலையும் ஏடு, பாலில் படியும் ஆடையும் ஏடு. இரண்டுமே மெல்லியவை, தனியே எடுக்க வருபவை. ஏட்டுக்களிக்கல், ஏட்டுச்சேற்றுக்கல், ஏட்டுவண்டற்கல். பொதுவாக ஷேல் என்றால் ஏட்டுக்கல். ('ஏட்டு' என்றதும் காவல் நிலையம் நினைவுக்கு வருகிறது என்பவர்கள் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.)

ஷேலுக்குப் 'பலகைக்கல்' வேண்டாம். அதைச் சிலேட்டுக்கு விட்டுவைப்போம். சிலேட் வெப்பத்தாலும் அழுத்தத்தாலும் உருமாறிய பாறை. அது பிளக்கும் தளம் பழைய படிவுத்தளத்தைச் சாய்வாக வெட்டிக்கொண்டும் போகும்.

இதிலும் ஒரு சிக்கல் உண்டு. துளையிட்டு எடுத்த உருளையில் கட்டியாக நிற்கும் கல், வெயிலும் மழையும் பட்ட முகப்பில் ஏடு ஏடாக உரியும். ஒரே கல்லுக்கு இரண்டு பெயரா? முன்னொட்டாக வைத்ததே இதற்காகத்தான். பிரிந்தால் சேர்க்கலாம், பிரியாவிட்டால் விட்டுவிடலாம்; சேற்றுக்கல் சேற்றுக்கல்லாகவே இருக்கும்.

இன்னொன்று பாக்கி. வரிவரியாகத் தெரிந்தும் பிரியாத கல் இருக்கிறதே, அதை 'வரிச்சேற்றுக்கல்' எனலாமா?