ஆர்டர் போட்டு 16 நாள், ட்ராக்கிங்கில் "லேபிள் தயார்" என்றே நிற்கிறது: பெங்களூரில் இருப்பவர்கள் வழி சொல்லுங்க

பெலந்தூர்_560103

வணக்கம். கேம் சாமான் மட்டுமே விற்கும் ஒரு ஆன்லைன் கடையில் பிஎஸ்5 ஸ்லிம் கேம் கன்சோல் (டிஸ்க் மாடல்), கூடுதலாக ஒரு டூயல்சென்ஸ் கன்ட்ரோலர், இன்னும் வெளிவராத ஒரு கேமின் டிஸ்க்குக்கு ப்ரீ-ஆர்டர் என மூன்றையும் ஒரே ஆர்டராகப் போட்டிருக்கிறேன். மொத்தம் 65,000 ரூபாய்க்குக் கொஞ்சம் மேல். கிரெடிட் கார்டில் 6 மாத நோ-காஸ்ட் இஎம்ஐ. கடையின் கிடங்கு மும்பை பக்கத்துப் பிவண்டியில் இருக்கிறது.

ஆர்டர் மெயிலில் 5 முதல் 7 வேலை நாள் என்று இருந்தது. இன்றோடு 16 நாள். அதில் 9 நாளாக "லேபிள் உருவாக்கப்பட்டது" என்ற ஒரே வரிதான். சாட்டில் கேட்டால் ஒவ்வொரு முறையும் "48 மணி நேரத்தில் அப்டேட் வரும்" என்கிறார்கள். நேற்று போன் செய்து, புதுத் தேதி ஒன்று தருகிறோம், சம்மதமா, வேண்டாமென்றால் 5 சதவீதம் சேர்த்து ஸ்டோர் கிரெடிட்டாக (அந்தக் கடையிலேயே செலவழிக்கும் தொகையாக) தருகிறோம் என்றார்கள். நான் இன்னும் பதில் சொல்லவில்லை.

பெட்டி உண்மையில் கிளம்பிவிட்டதா என்று எப்படிக் கண்டுபிடிப்பது? பணமாகவே திருப்பிக் கேட்க உரிமை இருக்கிறதா? இஎம்ஐ என்ன ஆகும்?

லாரி_ரூட்_48

முதல் கேள்விக்கு: கிளம்பவில்லை. லேபிள் உருவானது என்றால் கடையின் மென்பொருள் கொரியரிடமிருந்து ஒரு ஏடபிள்யூபி நம்பர் (பார்சலின் ட்ராக்கிங் எண்) வாங்கி வைத்திருக்கிறது, அவ்வளவுதான். பணம் வந்ததும் தானாக நடக்கிற வேலை அது. பெட்டி கைமாறியிருந்தால் அடுத்து "பிக்கப் ஆனது" என்ற வரி வரும், அதன்பின் ஹப்பில் எடை போட்டு ஸ்கேன் செய்வார்கள். அந்த வரி வராதவரை கொரியர் கம்பெனிக்குப் போன் போடுவது வீண். அவர்கள் கைக்கே வராத பெட்டிக்கு அவர்கள் பதில் சொல்ல முடியாது.

கடையிடம் "எப்போ வரும்" என்று கேட்காதீங்க, அதற்கு 48 மணி நேரம் என்ற பதில்தான் வரும். இரண்டு நம்பர் கேளுங்க.

ஒன்று, ஜிஎஸ்டி டாக்ஸ் இன்வாய்ஸ் நம்பர். சரக்கு கிளம்பும்போதோ அதற்கு முன்போ இன்வாய்ஸ் போட்டாக வேண்டும் என்பது ஜிஎஸ்டி சட்டம். உங்களுக்கு வந்திருப்பது ஆர்டர் உறுதி மெயிலாக இருக்கும், அது இன்வாய்ஸ் ஆகாது. இன்வாய்ஸ் என்றால் கடையின் ஜிஎஸ்டிஐஎன் (ஜிஎஸ்டி பதிவு எண்), வரிசை எண், தேதி, எச்எஸ்என் கோடு (பொருளின் வகை எண்) எல்லாம் இருக்கும்.

இரண்டாவது, இ-வே பில் (சரக்கை வண்டியில் கொண்டுபோக எடுக்கும் மின்னணுச் சீட்டு) நம்பர், 12 இலக்கம். 50,000 ரூபாய்க்கு மேற்பட்ட சரக்கு மகாராஷ்டிராவிலிருந்து கர்நாடகாவுக்கு வர இ-வே பில் கட்டாயம். உங்கள் கன்சோல் விலை ஒன்றே அந்த வரம்பைத் தாண்டும். பகுதி ஏ-வில் சரக்கு விவரம், பகுதி பி-யில் வண்டி நம்பர். பகுதி பி காலியாக இருந்தால் லாரி மாநிலம் தாண்ட முடியாது. 200 கிலோமீட்டருக்கு ஒரு நாள் என்பது அதன் ஆயுள். பிவண்டியிலிருந்து பெங்களூர் ஏறத்தாழ 1,000 கிலோமீட்டர், ஆக 5 அல்லது 6 நாள். வழியில் வண்டி நின்று பில் காலாவதியானால் நீட்டித்த பிறகுதான் நகர முடியும். கிளம்பின பார்சலும் சில நேரம் நடுவழியில் அசையாமல் நிற்பதற்கு இது ஒரு காரணம்.

இந்த இரண்டு நம்பரும் தர முடியவில்லை என்றால் சரக்கு அலமாரியை விட்டு இறங்கவில்லை, அல்லது அலமாரியிலேயே இல்லை.

இன்னொன்று. பிக்கப் ஆன மறுநாளே வரும் என்று எதிர்பார்க்காதீங்க. கன்ட்ரோலருக்குள் 1,560 எம்ஏஎச் லித்தியம்-அயன் பேட்டரி இருக்கிறது. லித்தியத்தை விமானத்தில் ஏற்றத் தனி விதிகள், தனி லேபிள் எல்லாம் உண்டு. அதனால் பல கொரியர்கள் இதைத் தரைவழியாகவே அனுப்புவார்கள். புனே, பெலகாவி, ஹுப்ளி, துமகூரு வழியாக நெலமங்கலா பக்கம் வந்து இறங்கி, அங்கிருந்து உங்கள் ஏரியா மையத்துக்கு வர 4, 5 நாள் நியாயமான கணக்கு.

டிஸ்க்_அலமாரி

மேலே சொன்னது எல்லாம் சரி. ஆனா உங்க ஆர்டர் நிக்கிறதுக்குக் காரணம் அந்த ப்ரீ-ஆர்டர் டிஸ்க்காதான் இருக்கணும்னு எனக்குத் தோணுது. வெளிவராத கேமை ரெடியா இருக்கிற சாமானோட ஒரே ஆர்டர்ல போட்டா, பல கடைகள்ல சிஸ்டம் எல்லாத்தையும் சேர்த்துப் பிடிச்சு வெச்சிடும். கடைசிப் பொருள் வந்தாதான் பேக்கிங் ஸ்லிப்பே வெளிய வரும். சாட்ல இருக்கிறவருக்கு அது தெரியாது, அவர் ஸ்கிரீன்ல "ப்ராசஸிங்"னுதான் இருக்கும்.

அதனால "ஆர்டரைப் பிரிச்சு, கன்சோலையும் கன்ட்ரோலரையும் இப்பவே அனுப்புங்க, டிஸ்க்கை மட்டும் கேன்சல் பண்ணுங்க"ன்னு மெயில் போடுங்க. டிஸ்க் வேணும்னா தனி ஆர்டரா போட்டுக்கலாம்.

ப்ரீ-ஆர்டர் டிஸ்க் லேட் ஆனா கடைக்காரங்க சில நேரம் "வெளிநாட்டு காப்பி ரெடியா இருக்கு, அதைத் தரட்டுமா"ன்னு கேப்பாங்க. யோசிக்காம சரின்னு சொல்லிடாதீங்க. பிஎஸ்5 டிஸ்க்குக்கு ரீஜன் லாக் (ஒரு நாட்டு டிஸ்க் அங்க மட்டும்தான் ஓடும்ங்கிற பூட்டு) கிடையாது, கேம் ஓடும். ஆனா டிஎல்சி (கேமுக்குத் தனியா டவுன்லோட் பண்ற கூடுதல் பகுதி) டிஸ்க்கோட ரீஜனுக்குக் கட்டுப்பட்டது. அமெரிக்க டிஸ்க்கைப் போட்டுட்டு இந்திய அக்கவுண்ட்ல காசு குடுத்து டிஎல்சி வாங்கினா அது அந்த டிஸ்க்கோட சேராது. பெட்டிக்குள்ள இருக்கிற போனஸ் கோடும் அதே கதைதான். அந்தக் கோடுக்கு முடிவு தேதியும் இருக்கும், கோடு அச்சான அட்டையில பொடி எழுத்துல போட்டிருப்பாங்க. டிஸ்க் ரொம்ப லேட்டா வந்தா முதல்ல அதைப் பாருங்க.

இதே த்ரெட்டைப் படிக்கிற, நின்டென்டோவோட ஸ்விட்ச் கன்சோல் வாங்க நினைக்கிற ஆட்களுக்கு ஒரு வார்த்தை: நின்டென்டோ இந்தியாவுல அதிகாரபூர்வமா விக்கிறதில்ல. இங்க கிடைக்கிறது எல்லாம் இறக்குமதியாளர் கொண்டுவர்ற சரக்கு. தாமதம்னா அது கஸ்டம்ஸ்ல இருக்கலாம், இன்னும் வாங்கவே இல்லாமலும் இருக்கலாம். வாரன்ட்டியும் கடைக்காரர் குடுக்கிற வார்த்தைதான். அந்த ஆர்டருக்கெல்லாம் முழுப் பணத்தை முன்னாடியே கட்டுறது எனக்குச் சரியாப் படல.

ஹெப்பால்_வாசி

நண்பரே, அந்தப் போனுக்கு நீங்கள் பதில் சொல்லாமல் விட்டது மிகச் சரியான காரியம். "புதுத் தேதி சம்மதமா" என்ற கேள்விதான் இதில் மிக முக்கியம். உங்கள் உரிமை முழுவதும் முதல் மெயிலில் அச்சாகியிருக்கும் "5 முதல் 7 வேலை நாள்" என்ற வரியில்தான் நிற்கிறது. நீங்கள் புதுத் தேதிக்குத் தலையாட்டினால், தாமதம் என்பதே அந்தப் புதுத் தேதியிலிருந்துதான் என்று அவர்கள் வாதிட முடியும். ஸ்டோர் கிரெடிட்டை ஏற்றாலும் அப்படித்தான். பணம் திரும்பிவிட்டது என்று பதிவாகிவிடும், பிறகு பேங்கில் தகராறு எழுப்ப வழி இருக்காது.

சட்டம் தெளிவாக இருக்கிறது. 2020 ஜூலையில் வந்த நுகர்வோர் பாதுகாப்பு (இ-காமர்ஸ்) விதிகளின்படி, சொன்ன கால அட்டவணையைத் தாண்டி வந்தால் பொருளைத் திரும்ப எடுக்கவோ பணத்தைத் திருப்பித் தரவோ விற்பவர் மறுக்கக் கூடாது. வெள்ளம், கலவரம் மாதிரி அவர்கள் கைமீறிய காரணம் இருந்தால் மட்டும் விலக்கு. ஸ்டாக் இல்லை என்பது அதில் வராது. அதே விதிகள், ஒவ்வொரு தளமும் குறைதீர் அதிகாரியின் பெயரையும் தொடர்பு விவரத்தையும் தளத்தில் போட வேண்டும் என்கின்றன. அவர் 48 மணி நேரத்துக்குள் புகார் கிடைத்ததாகப் பதில் தர வேண்டும், ஒரு மாதத்துக்குள் தீர்க்க வேண்டும். சாட்டில் பேசுவது இந்தக் கணக்கில் சேராது. தளத்தின் அடிப்பகுதியில் தேடி அந்த அதிகாரிக்கே மெயில் போடுங்கள்.

மெயில் சின்னதாக இருக்கட்டும். ஆர்டர் நம்பர், பணம் கட்டிய தேதி, தொகை, அவர்கள் சொன்ன டெலிவரி நாள், இன்றைய ட்ராக்கிங் நிலையின் ஸ்கிரீன்ஷாட். பிறகு நேராக: "இந்தத் தேதிக்குள் இன்வாய்ஸ் நம்பரும் பிக்கப் ஸ்கேனும் வராவிட்டால் ஆர்டரை ரத்து செய்து, கட்டிய வழியிலேயே முழுத் தொகையையும் திருப்பித் தரவும். தேதி மாற்றத்துக்கோ ஸ்டோர் கிரெடிட்டுக்கோ எனக்குச் சம்மதமில்லை." ஐந்து நாள் கெடு போதும். கோபமாக ஒரு வார்த்தைகூட வேண்டாம், நாளை இதைப் படிக்கப் போவது பேங்க் அதிகாரியோ நுகர்வோர் ஆணையமோதான்.

கெடு முடிந்தால் கார்டு கொடுத்த பேங்கில் சார்ஜ்பேக், அதாவது கடைக்குப் போன பணத்தைத் திரும்ப எடுத்துத் தரச் சொல்லும் புகார். காரணம் "பொருள் கிடைக்கவில்லை" என்று தேர்ந்தெடுங்கள், "மோசடி" என்று போடாதீர்கள். மோசடி என்றால் கார்டை நீங்கள் பயன்படுத்தவே இல்லை என்று பொருள். ஓடிபி நீங்கள் போட்டது தெரிந்ததும் புகாரைத் தள்ளிவிடுவார்கள். விசா, மாஸ்டர்கார்டு இரண்டிலும் பொருள் வர வேண்டிய நாளிலிருந்து பொதுவாக 120 நாள் அவகாசம். அது பேங்க் முடிக்க வேண்டிய கெடு, அதனால் 110-ஆம் நாளில் போய் நிற்காதீர்கள். ப்ரீ-ஆர்டர் மட்டும் போட்டு ஐந்தாறு மாதம் காத்திருப்பவர்கள் இதைக் கட்டாயம் கணக்கில் வையுங்கள்.

யுபிஐயில் கட்டியவர்களுக்கு இது இவ்வளவு எளிதில்லை. பணம் ஒழுங்காகப் போய்ச் சேர்ந்துவிட்டது என்று பேங்க் கையை விரிக்கும். பெரிய தொகைக்கும் ப்ரீ-ஆர்டருக்கும் கிரெடிட் கார்டு என்று நான் சொல்வது அதற்காகத்தான். பணம் போய் ஆர்டரே பதிவாகாத கேஸ் வேறு, அதற்கு ரிசர்வ் வங்கியின் 2019 சுற்றறிக்கை இருக்கிறது: 5 நாளுக்குள் தானாகத் திரும்ப வேண்டும், தாண்டினால் நாளுக்கு 100 ரூபாய்.

இணையாக 1915-க்குப் பேசுங்கள். தேசிய நுகர்வோர் ஹெல்ப்லைன், தமிழிலும் பேசலாம், டாக்கெட் நம்பர் (புகார் எண்) தருவார்கள். அவர்களுக்கு உத்தரவு போடும் அதிகாரம் இல்லை, கம்பெனிக்கு அனுப்பிப் பதில் வாங்குவார்கள். அதுவும் மசியவில்லை என்றால் இ-ஜாக்ருதி என்ற அரசுத் தளத்தில் மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்கு மனு. 5 லட்சம் வரை கட்டணம் இல்லை, வக்கீல் கட்டாயமில்லை, நீங்கள் குடியிருக்கும் பெங்களூரிலேயே போடலாம், கடை மும்பையில் இருந்தாலும் சரி. இரண்டு வருடம் அவகாசம்.

பெலந்தூர்_560103

எல்லாருக்கும் ரொம்ப நன்றி. இன்வாய்ஸ் நம்பர் கேட்டதும் பதில் மாறிவிட்டது: "ப்ரீ-ஆர்டர் பொருள் வந்ததும் இன்வாய்ஸ் போடப்படும்" என்று எழுத்திலேயே வந்திருக்கிறது. டிஸ்க்_அலமாரி சொன்னதுதான். பிரித்து அனுப்பச் சொல்லிக் குறைதீர் அதிகாரிக்கு மெயில் போட்டுவிட்டேன். டிஸ்க்கை மட்டும் ரத்து செய்தால் இஎம்ஐ என்ன ஆகும்?

மாசத்தவணை

இஎம்ஐ பற்றி நான் சொல்கிறேன். கடை பணத்தைத் திருப்பினால் அது கார்டு கணக்கில் வரவாக விழும், ஆனால் இஎம்ஐ தானாக நிற்கும் என்று நம்பாதீங்க. முழு ரத்து என்றால் பேங்குக்குப் பேசி இஎம்ஐயை ரத்து செய்யச் சொல்லணும். பகுதி ரத்து என்றால் பெரும்பாலும் பழைய தவணையே ஓடும், வந்த வரவு அடுத்த பில்லில் கழியும். நோ-காஸ்ட் என்பது வட்டியளவு விலையில் தள்ளுபடி கொடுத்து, பேங்க் அந்த வட்டியை உங்களிடம் வாங்கும் ஏற்பாடு. அதனால் திரும்பி வருவது தள்ளுபடி போன விலைதான். ஏற்கெனவே பில்லான வட்டி, அதன்மேல் 18 சதவீத ஜிஎஸ்டி, ப்ராசஸிங் கட்டணம் இவை பொதுவாகத் திரும்பாது. இந்தத் தொகையைக் கடையிடம் தனி வரியாகக் கேளுங்க, தாமதம் அவர்கள் பக்கம்.

சார்ஜ்பேக் நடக்கும்போதும் தவணையை நிறுத்தாதீங்க. நிறுத்தினால் தாமதக் கட்டணமும் சிபில் (கடன் மதிப்பெண்) அடியும் உங்களுக்குத்தான்.

"ரீஃபண்ட் அனுப்பிட்டோம்" என்று மட்டும் சொன்னால் ஏஆர்என் நம்பர் (ரீஃபண்டை அடையாளம் காட்டும் எண்) கேளுங்க, கார்டுக்கு 23 இலக்கம். அதைக் கொடுத்தால் பேங்க் பணம் எங்கே நிற்கிறது என்று பார்த்துச் சொல்லும். நம்பர் இல்லை என்றால் இன்னும் அனுப்பவில்லை.

லாரி_ரூட்_48

கன்சோல் கிளம்பிவிட்டால் இனி கவனம் கடைசி 10 கிலோமீட்டரில். பெங்களூர் முகவரியில் "7-வது கிராஸ்" என்பது ஒவ்வொரு லேஅவுட்டிலும் இருக்கிறது. மெயின், கிராஸ், லேஅவுட் பெயர், அபார்ட்மென்ட் என்றால் பிளாக், எந்த கேட், எல்லாவற்றையும் எழுதித் தாங்க. முகவரி கிடைக்கவில்லை, ஆள் இல்லை என்று இரண்டு மூன்று முறை பதிவானால் பார்சல் ஆர்டிஓ (அனுப்பியவருக்கே திருப்புதல்) ஆகி பிவண்டிக்கே திரும்பும், இன்னும் பத்து நாள் போய்விடும். நீங்கள் வீட்டில் இருந்தும் "ஆள் இல்லை" என்று மெசேஜ் வந்தால் அன்றைக்கே, ஸ்கிரீன்ஷாட்டோடு, மறுமுயற்சி கேளுங்க.

டெலிவரி ஓடிபியைப் பெட்டி கைக்கு வந்த பிறகே சொல்லுங்க. போனில் கேட்டால் தராதீங்க, டெலிவரி ஆனது என்று பதிவாகிவிட்டால் பொருள் கிடைக்கவில்லை என்ற வாதம் பலவீனமாகிவிடும். வாங்கும் முன் லேபிளில் இருக்கும் எடையைப் பாருங்க: ஸ்லிம் டிஸ்க் மாடல் கன்சோல் மட்டுமே 3.2 கிலோ, பெட்டியும் கன்ட்ரோலரும் சேர்ந்தால் அதைவிடத் தெளிவாக அதிகம் இருக்கணும். ஆனால் லேபிளில் சில நேரம் நீளம், அகலம், உயரத்தை (சென்டிமீட்டரில்) பெருக்கி 5,000-ஆல் வகுத்த எடையைப் போட்டிருப்பார்கள், அதனால் கையில் தூக்கியும் பாருங்க. பெட்டியைப் பிரிக்கும்போது எடுக்கும் வீடியோவை லேபிளில் இருந்து தொடங்கி, ஆறு பக்கமும் டேப்பைக் காட்டி, நிறுத்தாமல் ஒரே ஓட்டமாக எடுங்க. பெட்டியின் சீரியல் நம்பரும் கன்சோலின் சீரியல் நம்பரும் ஒரே ஃப்ரேமில் வரட்டும்.