கோட்டை டாக்குமெண்டரி மியூசிக் – புதுப்பிப்பு

மட்டக்களப்பு புளியந்தீவுக் கோட்டை டாக்குமெண்டரிக்கு நான் செய்யிற மியூசிக்குல ஸ்ட்ரிங்ஸ் (வயலின் மாதிரி தந்தி வாத்தியம்) வைக்கிறதா நம்மட வாத்தியமா எண்டு போன கிழமை கேட்டிருந்தன் தானே, முடிவாயிட்டு. 1628ல போர்த்துக்கீசர் கட்டின பகுதிக்கு வயலின் மட்டும், ஏனெண்டா இங்க பறங்கியர்ர (போர்த்துக்கீசர் வழிவந்த ஆக்கள்) கப்ரிஞ்ஞா ஆட்டப்பாட்டுல இண்டைக்கும் வயலின் இரிக்கு. 1638ல கண்டி ராசா ரெண்டாம் ராசசிங்கனோட சேந்து ஒல்லாந்தர் (டச்சுக்காரர்) கோட்டைய புடிக்கிற இடத்துக்கு வடமோடிக் கூத்து மத்தளமும் சல்லரியும் (கைத்தாளம்), அண்ணாவியார் (கூத்து பழக்கிறவர்) ஒருவர் வந்து அடிச்சுத் தந்தார், அவர்ர தாளத்த நான் கிளிக் ட்ராக்குக்கு (ஒரே சீரா தட்டிக்கொண்டிருக்கிற கம்ப்யூட்டர் தாளம்) இழுக்கவே இல்ல, எடிட்டர்தான் அதுக்கேத்தமாதிரி படத்த வெட்டினார், அதுதான் சரியான முறை எண்டு நம்புறன். குரல் வாற இடத்துல மத்தளத்த ஈக்யூல (சத்தத்துல சில சுருதிகள கூட்டிக் குறைக்கிற கருவி) கொஞ்சம் குறைச்சன், பேச்சு தெளிவா கேக்குது. கடைசி சீனுக்கு வாவிச் சத்தம் மட்டும் போதுமாம் டைரக்டருக்கு, எனக்கு உடுக்கும் வேணும், இன்னும் கதைச்சிட்டு இரிக்கம்.