கேம் சேவ் ஆகவே மாட்டேங்குது, நடுவுல நடுவுல உறையுது. ஆன்டிவைரஸ்தான் காரணமா?

ராத்திரி_ரேஸர்

எல்லாருக்கும் வணக்கம். லேப்டாப் ஒண்ணு, பிரச்சினை ரெண்டு.

ஸ்டீம் (கேம் விக்கிற ஆன்லைன் கடை) சேல்ல ஒரு கார் ரேஸ் கேம் வாங்கினேன். ஒரிஜினல்தான், சொந்தக் காசு. நல்லாத்தான் ஓடிட்டு இருந்துச்சு. ஒரு மாசமா ஓட்டிட்டு இருக்கும்போதே ரெண்டு மூணு நிமிஷத்துக்கு ஒரு தடவை படம் அப்படியே உறைஞ்சு நிக்குது. ஒரு செகண்ட், ஒன்றரை செகண்ட்தான். ஆனா வளைவுல நின்னுச்சுன்னா, படம் திரும்ப வர்றப்ப வண்டி சுவத்துல இருக்கு. டாஸ்க் மேனேஜர்ல டிஸ்க் 100% காட்டுது.

ரெண்டாவதுதான் கடுப்பு. சேவ் ஆகல. முதல் கோப்பையை மூணு தடவை ஜெயிச்சுட்டேன். மூடிட்டுத் திறந்தா "உங்க பேர் என்ன"ன்னு மறுபடி முதல்லேர்ந்து கேக்குது.

லேப்டாப்போட வந்த ஆன்டிவைரஸை ரைட் கிளிக் பண்ணி நிறுத்திப் பாத்தேன். உறையறது கொஞ்சம் குறைஞ்ச மாதிரி தெரியுது. சேவ் மட்டும் ஆகவே இல்ல. அப்ப ஆன்டிவைரஸ் காரணம் இல்லையா?

ஐ5, 8 ஜிபி ராம், 256 ஜிபி எஸ்எஸ்டி (சி டிரைவ்), 1 டிபி ஹார்ட் டிஸ்க் (டி டிரைவ்). விண்டோஸ் 11. கேம் டி டிரைவ்ல இருக்கு.

மொட்டைமாடி_வைஃபை

ஆன்டிவைரஸைத் தூக்கிப் போடுங்க ப்ரோ. நான் நாலு வருஷமா ஒண்ணும் இல்லாமதான் ஓட்டுறேன். வெண்ணெய் மாதிரி போகுது.

திண்டுக்கல்_சர்வீஸ்

மொட்டைமாடி தம்பி, ஒண்ணும் இல்லாம ஓட்டுறதா நீங்க நெனச்சுட்டு இருக்கீங்க. வேற எதையும் போடலைன்னா விண்டோஸ்ல இருக்கிற டிஃபெண்டர் தானா காவலுக்கு வந்துடும். உங்க நாலு வருஷமும் அதோட புண்ணியம்.

ரேஸர் தம்பி, இதைச் சொல்லுங்க. லேப்டாப்போட வந்த ஆன்டிவைரஸுக்குச் சந்தா இருக்கா, முடிஞ்சு போச்சா? அந்த ஒரு மாசத்துக்கு முன்னாடி யாராவது லேப்டாப்பைத் தொட்டாங்களா? சேவ் கோப்பு எந்த ஃபோல்டர்ல போகணும்னு தெரியுமா? கேம் முழுத்திரையிலதானே ஓடுது?

வெள்ளரிப்பிஞ்சு

கரண்ட் போய் ஆஃப் ஆகியிருக்குமோ? எங்க ஊர்ல சேவ் போறதுக்கு முக்கால்வாசி காரணம் அதுதான்.

ராத்திரி_ரேஸர்

கரண்ட் இல்லங்க, பேட்டரி நல்லா இருக்கு.

சர்வீஸ் அண்ணா, ஒரு வருஷ இலவசம் முடிஞ்சு போச்சு. "புதுப்பிக்கவும்"னு தினமும் பெட்டி வரும், நான் மூடிடுவேன். முடிஞ்சது போன மாசம்தான். அந்த வாரம் அத்தை பையன் வந்திருந்தான். "ஆன்டிவைரஸ் காலாவதியா கெடக்கு, உன் போட்டோ எல்லாம் ரான்சம்வேர் வைரஸ் பூட்டிட்டுக் காசு கேக்கும்"னு பயமுறுத்திட்டு, விண்டோஸ்லயே எதையோ ஆன் பண்ணிட்டுப் போனான். என்னன்னு நான் கவனிக்கல. சேவ், டாக்குமெண்ட்ஸ்ல "மை கேம்ஸ்"னு ஒரு ஃபோல்டர்ல. முழுத்திரைதான்.

திண்டுக்கல்_சர்வீஸ்

கேஸ் முடிஞ்சுது. கொஞ்சம் நீளமா எழுதுறேன், டீ குடிச்சுக்கிட்டே படிங்க.

முதல்ல சேவ். உங்க அத்தை பையன் ஆன் பண்ணினது "கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ்". 2017ல வானாக்ரைன்னு ஒரு ரான்சம்வேர் உலகத்தையே ஆட்டி வெச்சுதே, அதே வருஷக் கடைசியில விண்டோஸ் 10க்குள்ள வந்த வசதி. டாக்குமெண்ட்ஸ், பிக்சர்ஸ், வீடியோஸ் மாதிரி ஃபோல்டர்கள்ல, தனக்கு நம்பிக்கை இல்லாத எந்த நிரலும் எழுத முடியாதபடி தடுக்கும். ரான்சம்வேருக்கு அது சரியான பூட்டு. ஆனா உங்க கேமும் அதுக்கு முன்பின் தெரியாத ஆள். டாக்குமெண்ட்ஸ்ல எழுத வந்தா கதவைச் சாத்திடும். பல கேம்கள் அப்ப வாயைத் திறந்து சொல்றதே இல்ல, சேவ் ஆன மாதிரியே காட்டிக்கும்.

விண்டோஸ் அறிவிப்பு கொடுத்திருக்கும், உங்க கண்ணுல படல. முழுத்திரையில கேம் ஓடும்போது அறிவிப்புகளை அடக்கி வைக்கிறது விண்டோஸோட இயல்பான அமைப்பு.

நீங்க ஆன்டிவைரஸை நிறுத்தியும் சேவ் ஆகாததுக்குக் காரணம், நீங்க நிறுத்தினது காலாவதியான ஆளை. சந்தா முடிஞ்சதும் காவலை டிஃபெண்டர் எடுத்துக்கிச்சு. இந்தப் பூட்டு டிஃபெண்டரோட பூட்டு, அது காவல்ல இருந்தாத்தான் வேலை செய்யும். அதனாலதான் சரியா போன மாசத்துல ஆரம்பிச்சிருக்கு.

செய்ய வேண்டியது: விண்டோஸ் செக்யூரிட்டி → வைரஸ் அண்ட் த்ரெட் ப்ரொடெக்ஷன் → கீழே மேனேஜ் ரான்சம்வேர் ப்ரொடெக்ஷன் → "அலவ் அன் ஆப் த்ரூ கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ்". அங்க கேமைச் சேருங்க. பூட்டை மொத்தமா அணைக்காதீங்க, அத்தை பையன் சொன்னது தப்பில்ல.

அடுத்து, உறையறது. ஒவ்வொரு கோப்பைத் திறக்கும்போதும் ஆன்டிவைரஸ் குறுக்கே நின்னு பாத்துட்டுத்தான் விடும், அதுவரைக்கும் கேம் வாசல்ல நிக்கும். எஸ்எஸ்டியில அந்த நேரம் தெரியாது. ஹார்ட் டிஸ்க்ல, அதுவும் ரேஸ் கேம் ஓட ஓட அடுத்த பாதையைப் படிச்சுக்கிட்டே போகும்போது, தெரியும். உங்ககிட்ட ரெண்டு காவலாளி. காலாவதியானவன் வேலையை விட்டாலும் வாசலை விட்டுப் போகல, அவனோட டிரைவர் (விண்டோஸுக்குள்ள ஒட்டிக்கிட்டு ஓடுற நிரல்) இன்னும் உள்ள உக்காந்திருக்கு. ஒருத்தன் திறக்கிறதை இன்னொருத்தன் சோதிப்பான்.

என் பேச்சை அப்படியே நம்ப வேண்டாம். ரிசோர்ஸ் மானிட்டரைத் திறந்து டிஸ்க் பகுதிக்குப் போங்க. எந்த நிரல் எந்தக் கோப்பைப் படிக்குதுன்னு வரி வரியா காட்டும். அதைத் திறந்தபடியே கேமை ஓட்டி, உறைஞ்ச உடனே வெளிய வந்து பாருங்க. மேல நிக்கிறது ஆன்டிவைரஸா இல்ல வேற எதாவதான்னு தெரிஞ்சுடும். இந்த அஞ்சு நிமிஷ வேலையைச் செய்யாமலே ஆன்டிவைரஸ் மேல பழி போடுறவங்கதான் கடைக்கு அதிகம் வர்றாங்க. போய்ப் பாத்தா விண்டோஸ் அப்டேட் இறங்கிட்டு இருக்கும்.

ராத்திரி_ரேஸர்

ரிசோர்ஸ் மானிட்டர் பாத்தேன் அண்ணா. முதல் வரியில காலாவதி ஆள், ரெண்டாவது வரியில "MsMpEng.exe", அதாவது டிஃபெண்டர். ரெண்டும் என் கேம் ஃபோல்டரைத்தான் படிச்சுக்கிட்டு இருந்துச்சு!

ஆனா சேவ் இன்னும் ஆகல. நீங்க சொன்ன இடத்துல "ப்ரவுஸ்" கொடுத்து, கேம் ஃபோல்டர்ல இருந்த எக்ஸியை (கேமைத் தொடங்குற கோப்பு) சேர்த்தேன். நாலாவது தடவையா கோப்பையை ஜெயிச்சேன். மறுபடி பேர் கேக்குது.

திண்டுக்கல்_சர்வீஸ்

என் தப்பு, அதைச் சொல்லியிருக்கணும். அன்ரியல் எஞ்சின்ல (கேம் செய்யுற மென்பொருள்) செஞ்ச கேம்னா வெளி ஃபோல்டர்ல தெரியுற எக்ஸி வெறும் வாசல்மணி. சைஸைப் பாருங்க, சின்னதா இருக்கும். நிஜ ஆள் உள்ள "பைனரீஸ்", அதுக்குள்ள "வின்64", அங்க "ஷிப்பிங்"னு முடியுற பேர்ல இருப்பார். டாக்குமெண்ட்ஸ்ல எழுதுறது அவர்தான்.

தேடி அலைய வேண்டாம். அதே பக்கத்துல "ப்ரவுஸ்"க்குப் பதிலா "ரீசன்ட்லி பிளாக்டு ஆப்ஸ்" இருக்கு, சமீபத்துல தடுக்கப்பட்டவங்க பட்டியல். யார் தடுக்கப்பட்டாரோ அவர் பேரே அங்க இருக்கும், பக்கத்துல உள்ள பிளஸ்ஸை அமுக்குங்க. அப்புறம் கேமை முழுசா மூடித் திறங்க.

அந்தக் காலாவதி ஆளை இன்னைக்கே அனுப்பிடுங்க. செட்டிங்ஸ்ல அன்இன்ஸ்டால் பண்ணி ஒரு ரீஸ்டார்ட். அதுக்கப்புறமும் ரிசோர்ஸ் மானிட்டர்ல தலை காட்டினா, அந்தக் கம்பெனியோட சொந்த இணையதளத்துல நீக்கும் கருவி இருக்கும். அதை இறக்கி ஓட்டுங்க. வேற எங்கேயும் இருந்து இறக்காதீங்க, அந்தப் பேர்லயே வைரஸ் சுத்துது.

யாழ்_மடிக்கணினி

இடையிலை வந்து கேக்கிறதுக்கு மன்னிக்கோணும், எனக்கு வேறை ஒரு கரைச்சல். நானும் தம்பியும் வீட்டுக்குள்ளையே ரெண்டு கணினியிலை ஒண்டா விளையாடுறனாங்கள். நான் சேர்வர் போட்டால் அவன்ரை திரையிலை தெரியுதே இல்லை. ஆன்டிவைரஸை நிப்பாட்டியும் பாத்திட்டன், சரிவரேல்லை. இணையத்திலை விளையாடினால் ஒரு பிரச்சினையும் இல்லை.

கண்ணாடி_கமாண்டர்

இதை நான் எடுத்துக்கறேன். உங்களைத் தடுப்பது ஃபயர்வால், அது வேறு துறை. ஆன்டிவைரஸ் கோப்பைப் பார்க்கும், ஃபயர்வால் வலையில் வருவதையும் போவதையும் பார்க்கும். கேமை முதல்முறை ஓட்டியபோது "அனுமதிக்கலாமா" என்று ஒரு பெட்டி வந்திருக்கும். ஆட்ட அவசரத்தில் "கேன்சல்" அழுத்தினீர்களா? அப்படி அழுத்தினால் விண்டோஸ் அதைத் தடை உத்தரவாகவே எழுதி வைத்துக்கொள்ளும்.

ஃபயர்வால் பக்கத்தில் "அலவ் அன் ஆப் த்ரூ ஃபயர்வால்" திறந்து, கேமின் பெயருக்கு எதிரே "பிரைவேட்" கட்டத்தில் டிக் போடுங்கள். கூடவே வீட்டு வைஃபையின் விவரத்தில் அது "பப்ளிக்" என்று இருந்தால் "பிரைவேட்" ஆக்குங்கள். காபிக் கடை வைஃபைக்கு இதைச் செய்யாதீர்கள்.

யாழ்_மடிக்கணினி

கான்சல்தான் அமத்தினனான், இப்ப ஞாபகம் வருது. பிரைவேட் ஆக்கினவுடனை தம்பியின்ரை திரையிலை வந்திட்டுது. கன நன்றி.

ஃப்ரீயா_கெடச்சா

சர்வீஸ் அண்ணே, எனக்கும் ஒரு டவுட். நான் இறக்கின கேம்ல ஒரு குறிப்பு இருக்கு: "முதலில் ஆன்டிவைரஸை அணைக்கவும், ஃபோல்டரை எக்ஸ்க்ளூஷனில் சேர்க்கவும்"னு. அதாவது ஆன்டிவைரஸ் சோதிக்காம விடுற பட்டியல்ல. டிஃபெண்டர் கேமோட ஒரு டிஎல்எல் கோப்பை ஒவ்வொரு தடவையும் தூக்கிடுது. சேர்த்துடலாமா?

திண்டுக்கல்_சர்வீஸ்

கூடாது. வீட்டுக்கு வர்றவன் "நாயைக் கட்டிப் போட்டுட்டுக் கதவைத் திற"ன்னு சொன்னா நீங்க திறப்பீங்களா?

"கிராக்னா (காசு கட்டாம ஓட்டறதுக்குப் பூட்டை உடைச்ச கேம்) எல்லா ஆன்டிவைரஸும் கத்தத்தான் செய்யும், அது பொய் எச்சரிக்கை"ன்னு உங்க நண்பர்கள் சொல்வாங்க. சில சமயம் அது உண்மை. பிரச்சினை என்னன்னா, பல ஆன்டிவைரஸ்களை வெச்சு ஒண்ணா சோதிக்கிற வைரஸ்டோட்டல் தளத்துல போட்டுப் பாத்தாலும் சும்மா கிராக்குக்கும் சிவப்பு வரும், கடவுச்சொல் திருடுறதுக்கும் சிவப்பு வரும். எது எதுன்னு நீங்களும் பிரிக்க முடியாது, நானும் பிரிக்க முடியாது. ஃபார்மட் பண்ண வர்ற பசங்க லேப்டாப்ல நான் முதல்ல திறந்து பாக்கிறது எக்ஸ்க்ளூஷன் பட்டியலைத்தான். மொத்த டி டிரைவையும் அதுல போட்டு வெச்சிருந்த புண்ணியவான்களும் உண்டு.

காசு கொடுத்து வாங்கின கேமோட கோப்பு மாட்டிக்கிட்டா வழி வேற. ப்ரொடெக்ஷன் ஹிஸ்டரியில என்ன பேர் சொல்லித் தூக்கிச்சுன்னு பாருங்க. அந்தக் கேமோட அதிகாரபூர்வப் பக்கத்துல வேற யாராவது அதையே சொல்லியிருக்காங்களான்னு பாருங்க. பொய் எச்சரிக்கைதான்னு உறுதியானா அந்த ஒரு கோப்பை மட்டும் அனுமதிச்சுட்டு, ஸ்டீம்ல கேமோட ப்ராப்பர்ட்டீஸ் → இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்ல போய்க் கோப்புகளைச் சரிபார்க்கச் சொல்லுங்க. காணாமப்போனதை அதுவே மறுபடி இறக்கிக்கும்.

ராத்திரி_ரேஸர்

அண்ணா!!! சேவ் ஆயிடுச்சு. தடுக்கப்பட்டவங்க பட்டியல்ல நீங்க சொன்ன "ஷிப்பிங்" ஆசாமி நின்னுட்டு இருந்தார்.

காலாவதி ஆளையும் அனுப்பியாச்சு. உறையறது பாதிக்கு மேல குறைஞ்சிருக்கு, முழுசா போகல. மிச்சத்துக்கு டிஃபெண்டர்ல ஸ்டீம் ஃபோல்டரை மொத்தமா எக்ஸ்க்ளூஷன்ல போட்டுடவா?

கண்ணாடி_கமாண்டர்

மொத்தமாக வேண்டாம். ஸ்டீமில் இருந்தாலே சுத்தம் என்று சொல்ல முடியாது. 2025 பிப்ரவரியில் பைரேட்ஃபை என்றொரு இலவச விளையாட்டு ஸ்டீமிலேயே சில நாள் இருந்தது. உள்ளே தகவல் திருடும் நிரல். ஸ்டீம் அதை நீக்கிவிட்டு, விளையாடியவர்களுக்கு "முழு ஸ்கேன் செய்யுங்கள், விண்டோஸையே புதிதாகப் போடுவதையும் யோசியுங்கள்" என்று அறிவிப்பு அனுப்பியது. ஸ்டீம் ஃபோல்டரை முழுக்க விலக்கி வைத்திருந்தவர் வீட்டில் அந்த நிரல் ராஜா மாதிரி இருந்திருக்கும்.

இந்த ஒரு கேமின் ஃபோல்டரை மட்டும் சேருங்கள். மேனேஜ் செட்டிங்ஸுக்குக் கீழே எக்ஸ்க்ளூஷன்ஸ், அதில் "ஃபோல்டர்". அதே பட்டியலில் "ப்ராசஸ்" என்றும் ஒன்று உண்டு, பலர் தப்பாகப் புரிந்துகொள்வது அதைத்தான். ப்ராசஸைச் சேர்த்தால் அந்த நிரல் திறக்கும் கோப்புகளைத்தான் உடனடிக் காவல் விட்டுவிடும். அந்த நிரலையே சோதிக்காமல் விடும் என்று அர்த்தமில்லை. எக்ஸி பறிபோகிறவர்கள் ப்ராசஸில் சேர்த்துவிட்டு "வேலை செய்யவில்லையே" என்று நிற்பார்கள்.

திண்டுக்கல்_சர்வீஸ்

அதோட இன்னொரு வழி, எக்ஸ்க்ளூஷனே வேண்டாத வழி. எஸ்எஸ்டியில இடம் இருந்தா கேமை அங்க மாத்திடுங்க. அதே இன்ஸ்டால்டு ஃபைல்ஸ் பக்கத்துல "மூவ் இன்ஸ்டால் ஃபோல்டர்" இருக்கு, மறுபடி இறக்க வேண்டியதில்ல. நான் முதல்ல இதைத்தான் செய்வேன்.

அதுக்கப்புறமும் புதுப் பாதையில முதல் சுத்துல மட்டும் சிக்கி, ரெண்டாவது சுத்துல சரியாப் போச்சுன்னா அது ஷேடர் (படத்தை வரையுற சின்ன நிரல்கள்) தயாராகிற நேரமா இருக்கலாம். அதுக்கு ஆன்டிவைரஸைத் திட்டாதீங்க.

ராத்திரி_ரேஸர்

எஸ்எஸ்டியில 40 ஜிபிதான் இருந்துச்சு, கேம் 52. காலேஜ் ப்ராஜெக்ட் வீடியோவை எல்லாம் டி டிரைவுக்குத் தள்ளிட்டு மாத்திட்டேன். எக்ஸ்க்ளூஷன் எதுவும் போடல. ஒரு மணி நேரம் ஓட்டினேன். புதுப் பாதையில முதல் சுத்துல மட்டும் ரெண்டு தடவை லேசா சிக்குச்சு, ரெண்டாவது சுத்துல இல்ல.

அத்தை பையன் இப்பதான் போன் பண்ணினான். அவன் லேப்டாப்ல ஏதோ கேம் சேவ் ஆகலையாம். இந்த இழையை அவனுக்கு அனுப்பப் போறேன், நாளைக்கு. இன்னைக்கு நான் ரெண்டாவது கோப்பை ஓட்டணும்.