கரண்ட் இருந்தால் தட்டு பறக்கிறது, கரண்ட் போனால் ஒழுங்காக நிற்கிறது: ஸ்கைரிம் டெலிகினசிஸ் உதவி

ரங்கூன்_நார்டு:

எல்லோருக்கும் வணக்கம். ஸ்கைரிம் ஸ்பெஷல் எடிஷன் என்ற கணினி விளையாட்டை ஆடுகிறேன். ஆல்டரேஷன் என்ற மந்திரத் திறன் 50ஐத் தொட்டதும் விண்டர்ஹோல்டு கல்லூரியில் டோல்ஃப்டிர் தாத்தாவிடம் டெலிகினசிஸ் மந்திரப் புத்தகம் வாங்கிப் படித்தேன். எட்டாத அலமாரியில் இருப்பதை இருந்த இடத்திலிருந்தே இழுத்துக்கொள்ளலாம் என்று ஆசை. இரண்டு வாரமாக மல்லுக்கட்டுகிறேன், ஒன்றும் சரிவரவில்லை.

ஒரு தட்டைப் பிடித்தால் அது சாமி வந்த மாதிரி ஆடுகிறது. சுவரில் லேசாக உரசினாலும் போதும், எங்கேயோ பறந்துவிடுகிறது. 5000 தங்கம் கொடுத்து ஒயிட்ரன் நகரத்தில் பிரீஸ்ஹோம் வீட்டை வாங்கினேன். கதவைத் திறந்து உள்ளே கால் வைத்ததும் மேஜையில் இருக்கும் கிண்ணம், ரொட்டி எல்லாம் எகிறிக் குதிக்கின்றன. நான் மந்திரமே போடவில்லை!

இதைவிட வினோதம் ஒன்று உண்டு. எங்கள் தெருவில் மீ பியெத் (மின்வெட்டு) ஆகிவிட்டால், அதாவது லேப்டாப் பேட்டரியில் ஓடும்போது, எல்லாம் சமர்த்தாக நடக்கிறது. தட்டு கைக்கு அடக்கமாக நிற்கிறது. தெருவே “மீ லா பீ!” (கரண்ட் வந்துவிட்டது) என்று கத்தும், நான் சார்ஜரைச் செருகுவேன், தட்டு மறுபடியும் பறக்கும். முதல் நாள் தற்செயல் என்று விட்டுவிட்டேன். மூன்று நாளும் இதே கதை. அம்மாவிடம் சொன்னால் எலுமிச்சம்பழம் சுற்றிப் போடச் சொல்கிறார்.

லேப்டாப் பாங்காக்கில் இருக்கும் மாமா மகன் பயன்படுத்திவிட்டுக் கொடுத்தது. மாட், அதாவது ஆட்டத்தை மாற்றும் கூடுதல் ஃபைல், எதுவும் போடவில்லை. இன்னும் இரண்டு சின்ன விஷயம். மந்திரம் போடச் செலவாகும் மஜிக்கா கண்மூடித் திறப்பதற்குள் காலியாகிறது. பிடித்த பொருளை மெதுவாகக் கீழே வைக்க வழியே இல்லையா? விட்டால் எறிந்துவிடுகிறது.

பெகு_பொடியன்:

அழித்துவிட்டு மறுபடி இன்ஸ்டால் பண்ணுங்கள் அண்ணே. எனக்கு எப்போதும் அதுதான் சரிப்படும்.

ரங்கூன்_நார்டு:

தம்பி, 12 ஜிபி. எங்கள் வீட்டு நெட்டில் அது இறங்கி முடிப்பதற்குள் தஜான் புத்தாண்டுத் திருவிழாவே வந்துவிடும். கடைசி வழியாக வைத்துக்கொள்கிறேன்.

டீக்கடை_அண்ணன்:

தம்பி, எதையும் அழிக்காதே. மூன்று கேள்விக்குப் பதில் சொல். அந்த லேப்டாப் திரை எத்தனை ஹெர்ட்ஸ், அதாவது ஒரு நொடியில் எத்தனை முறை படத்தைப் புதுப்பிக்கிறது? ஸ்டீம் செட்டிங்ஸில் எஃப்பிஎஸ் (ஒரு நொடிக்கு எத்தனை பிரேம், அதாவது படம்) காட்டும் வசதி இருக்கிறது, அதை ஆன் செய்து பேட்டரியில் எவ்வளவு, சார்ஜரில் எவ்வளவு என்று பார். மூன்றாவது, புது ஆட்டம் ஆரம்பித்தபோது கையைக் கட்டி குதிரை வண்டியில் ஏற்றிக்கொண்டு போவார்களே, அந்த வண்டி ஒழுங்காகப் போனதா?

ரங்கூன்_நார்டு:

அண்ணே, வண்டியை எப்படிக் கண்டுபிடித்தீர்கள்? அது பாதி வழியில் கரணம் அடித்தது, குதிரை வானத்தைப் பார்த்தது. இதுவும் கதையில் ஒரு பகுதி போல என்று நினைத்துச் சிரித்துவிட்டு மறுபடி ஆரம்பித்தேன். அன்று கரண்ட் இருந்தது.

இப்போது பார்த்தேன். திரை 144 ஹெர்ட்ஸ். சார்ஜரில் வீட்டுக்குள் 144 காட்டுகிறது, வெளியே காட்டுப்பக்கம் கொஞ்சம் குறைகிறது. பேட்டரியில் 60ஐத் தாண்டவே இல்லை.

டீக்கடை_அண்ணன்:

அகப்பட்டது. பேய் பிசாசு ஒன்றும் இல்லை, எலுமிச்சம்பழத்தை லபெத் தொக் தேயிலை சாலட்டில் பிழிந்துகொள்ளச் சொல்.

இந்த ஆட்டம் 2011ல் வந்தது. பிஎஸ்3, எக்ஸ்பாக்ஸ் 360 காலத்துச் சரக்கு. கணினியில் 60 பிரேமுக்கு மேல் யாரும் ஓட்டுவார்கள் என்று நினைத்துச் செய்யவில்லை. பொருட்கள் விழுவது, உருளுவது, மோதுவது எல்லாவற்றையும் ஹேவக் என்ற ஃபிசிக்ஸ் என்ஜின் பார்த்துக்கொள்கிறது. ஒவ்வொரு பிரேமுக்கும் அது கணக்குப் போடும்போது “போன பிரேமுக்கும் இதற்கும் நடுவில் ஒரு நொடியில் அறுபதில் ஒரு பங்கு கழிந்தது” என்ற எண்ணத்தில் இருக்கிறது. உன் திரை ஒரு நொடியில் 144 பிரேம் கேட்கிறது. அறுபது தடவை தள்ள வேண்டிய தட்டை 144 தடவை தள்ளினால் அது ஏன் நிற்கப்போகிறது? 2016ல் ஸ்பெஷல் எடிஷன் வந்தபோது படம் பளபளப்பானது, இந்தக் கணக்கு அப்படியே இருக்கிறது.

வீட்டுக்குள் நுழைந்ததும் கிண்ணம் குதிப்பதும் இதனால்தான். உள்ளே போகும் அந்த நொடியில்தான் மேஜையில் உள்ள எல்லாவற்றையும் என்ஜின் இறக்கி வைக்கிறது. சின்ன அறை என்பதால் பிரேமும் உச்சத்தில் இருக்கும். டெலிகினசிஸ் ஆட்டக்காரன் கையிலேயே ஹேவக்கைக் கொடுக்கிற மந்திரம், அதனால் கோளாறு அங்கே பெரிதாகத் தெரிகிறது.

பேட்டரியில் ஓடும்போது பல கேமிங் லேப்டாப்கள் தாமாகவே திரையை 60 ஹெர்ட்ஸுக்கு இறக்கிவிடும், சிலவற்றில் கிராஃபிக்ஸ் டிரைவரே கடிவாளம் போடும். ஆக, மின்வெட்டு வந்தால்தான் உன் ஸ்கைரிம் சரியான வேகத்தில் ஓடுகிறது. மின்வெட்டால் நன்மை அடைந்த ஒரே ரங்கூன்காரன் நீ.

வழி: என்விடியா கன்ட்ரோல் பேனலில் 3டி செட்டிங்ஸுக்குப் போய், ஸ்கைரிமை மட்டும் தேர்ந்தெடுத்து, மேக்ஸ் ஃப்ரேம் ரேட் என்பதை 60 ஆக்கு. அந்த வசதி கண்ணில் படவில்லை என்றால் டிரைவர் பழசு, 2020க்குப் பிந்தியதைப் போடு. அதுவும் தொல்லை என்றால் விண்டோஸ் டிஸ்ப்ளே செட்டிங்ஸில் திரையையே 60 ஹெர்ட்ஸில் வைத்துவிட்டு ஆடு. ஆட்டத்தின் விசிங்க் (பிரேமைத் திரையின் வேகத்தோடு ஒத்துவைக்கும் வசதி) ஆனில் இருக்கட்டும், அதை அணைத்தால் மறுபடி தலைவலி.

மோல்மீன்_அக்கா:

144 ஹெர்ட்ஸ் திரையை வைத்துக்கொண்டு 60ல் ஆடச் சொல்வது அநியாயம் இல்லையா? வேறு வழியும் இருக்கிறது. மை கேம்ஸ் ஃபோல்டரில் ஸ்கைரிம்.ஐஎன்ஐ ஃபைலைத் திறங்கள். ஹேவக் என்ற தலைப்பின் கீழ் எஃப்மேக்ஸ்டைம் என்று ஒரு வரி. இல்லாவிட்டால் நீங்களே சேர்க்கலாம். அதில் வழக்கமான மதிப்பு 0.0167, அதாவது 1ஐ 60ஆல் வகுத்தது. 144க்கு 0.0069 என்று எழுதுங்கள். தட்டு நிற்கும், படமும் வழுவழு என்று ஓடும். நான் அப்படித்தான் ஆடுகிறேன்.

டீக்கடை_அண்ணன்:

அக்கா சொல்வது சரிதான், ஆனால் அக்கா வீட்டில் சோலார் இருக்கிறது. இவனுக்கு அது ஒத்துவராது. அந்த எண்ணை 144க்குப் பூட்டிவிட்டால், கரண்ட் போய் 60க்கு இறங்கியதும் ஃபிசிக்ஸ் தேனில் நடக்கிற மாதிரி மெதுவாகிவிடும். தூக்கிய தட்டு ஆற அமரத்தான் கீழே வரும். நாளுக்கு எத்தனை முறை கரண்ட் போகிறதோ அத்தனை முறை ஃபைலைத் திறந்து மாற்றுவானா? 60 பிரேமில் நிறுத்தினால் இரண்டு நிலையிலும் ஒன்றுபோல் இருக்கும்.

மோல்மீன்_அக்கா:

அட, அந்தக் கோணத்தில் நான் யோசிக்கவில்லை. சரி தம்பி, அண்ணன் சொன்னபடியே செய்யுங்கள்.

அந்தச் சின்ன விஷயங்களுக்கு நான் பதில் சொல்கிறேன். டெலிகினசிஸ் அடெப்ட் என்ற இடைநிலை மந்திரம். பிடித்திருக்கும் வரை நொடிக்கு நொடி மஜிக்கா கரையும். உங்கள் பெயரைப் பார்த்தால் நார்டு இன வீரர் போலிருக்கிறது, லெவல் ஏறும்போதெல்லாம் ஹெல்த்தில்தான் போட்டிருப்பீர்கள். ஹை எல்ஃப் இனத்துக்குப் பிறவியிலேயே 50 மஜிக்கா கூடுதல், நமக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. ஆல்டரேஷன் 50 ஆகிவிட்டது என்கிறீர்களே, அடெப்ட் ஆல்டரேஷன் பெர்க் (லெவல் ஏறும்போது கிடைக்கும் புள்ளியால் வாங்கும் சலுகை) எடுத்தீர்களா? எடுத்தால் செலவு பாதி. பெர்க் புள்ளி சேர்த்து வைத்துக்கொண்டு செலவழிக்க மறக்கிற ஆட்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

பிறகு என்சான்டிங் (அணியும் பொருளில் மந்திரம் ஏற்றும் திறன்) 100 ஆகி அதற்குரிய பெர்க்குகளும் எடுத்திருந்தால் தலை, மார்பு, கழுத்து, மோதிரம் நான்கிலும் ஃபார்டிஃபை ஆல்டரேஷன், அதாவது ஆல்டரேஷன் மந்திரச் செலவைக் குறைப்பது, 25 சதவீதம் ஏற்றலாம். நான்கு சேர்ந்தால் மந்திரம் இலவசம்.

மெதுவாக வைப்பதைப் பற்றி: இந்த மந்திரத்தால் முடியாது. பிடித்த பொருளைப் பையில் போட்டுக்கொள்ளலாம், எறியலாம், அவ்வளவுதான். பையில் போட, பிடித்திருக்கும்போதே இ பட்டனைத் தட்டுங்கள். பொருளை அடுக்கி வைக்க வேண்டுமானால் மந்திரத்தை மறந்துவிட்டுப் பக்கத்தில் போய் இ பட்டனை அழுத்திப் பிடியுங்கள். கையால் தூக்குவது அது, மஜிக்கா ஒரு சொட்டு செலவில்லை.

பெகு_பொடியன்:

அக்கா, செலவு பூஜ்யம் ஆனால் ஒரு தில்லுமுல்லு உண்டு, சொல்லட்டுமா? வெளியிடத்தில் ஒரு பொருளைப் பிடித்தபடியே மேப்பைத் திறந்து சாலிட்யூடிலிருந்து ரிஃப்டனுக்கு ஃபாஸ்ட் டிராவல் (நடக்காமல் மேப்பிலேயே தாவிப் போவது) பண்ணினால், போய்ச் சேரும்போது ஆல்டரேஷன் எங்கேயோ ஏறியிருக்கும். வழி முழுக்க மந்திரம் போட்டதாக ஆட்டம் கணக்கு வைத்துக்கொள்ளும்.

மோல்மீன்_அக்கா:

இன்ஸ்டால் பண்ணச் சொன்ன வாயா இது!

ரங்கூன்_நார்டு:

60ல் வைத்தேன். சார்ஜரைச் செருகியபடியே டிராகன்ஸ்ரீச் அரண்மனைக்குப் போய், ஒயிட்ரன் தலைவர் பால்க்ரூஃப் சாப்பிடும் மேஜையிலிருந்து ஒரு கோப்பையைத் தூக்கினேன். அப்படியே நின்றது. நடுவில் கரண்ட் போனது, இரண்டு நிமிடம் கழித்து வந்தது, கோப்பையில் மாற்றமே இல்லை. அக்கா சொன்ன பெர்க்கும் எடுக்காமல்தான் இருந்திருக்கிறேன், பையில் ஏழு புள்ளி சும்மா கிடந்தது. எடுத்ததும் பிடிக்கும் நேரம் நன்றாகக் கூடியிருக்கிறது.

ஒரே ஒரு கேள்வி. பிரீஸ்ஹோமில் ஏற்கெனவே சிதறியவை தாமாகப் பழைய இடத்துக்குத் திரும்புமா?

டீக்கடை_அண்ணன்:

குகை, கோட்டை என்றால் சில நாளில் பழைய நிலைக்கு வரும். சொந்த வீடு வராது, வந்தால் நீ பெட்டியில் வைத்ததும் காணாமல் போகும். மாடிப்படிக்கு அடியிலும் அடுப்புக்குப் பின்னாலும் தேடு. இ பட்டனை அழுத்திப் பிடித்து ஒவ்வொன்றாக அடுக்கு.

ரங்கூன்_நார்டு:

பதினோரு தட்டு கிடைத்தது. ரொட்டி இன்னும் அகப்படவில்லை.