பாக்கி வழக்கில் ராஜியாகப் போகலாமா? 18 லட்சத்துக்கு 14 தருகிறேன் என்கிறார்

நூல்கடைக்காரன்:
ஈரோட்டில் நூல் வியாபாரம். விசைத்தறி வைத்திருக்கும் ஒருவர் 18 லட்சம் பாக்கி வைத்துவிட்டார். முதலில் சமரச மையத்துக்கு எழுதிப்போட்டோம், அவர் எட்டிக்கூடப் பார்க்கவில்லை, அப்புறம்தான் பிராது போட்டேன், கோர்ட் ஃபீஸே 54,000 ஆனது. இரண்டு வருடம் வாய்தாவிலேயே போன பிறகு, இப்போது 14 லட்சம், 10 தவணை, கோர்ட்டிலேயே எழுதிக்கொள்ளலாம் என்று ஆள் விட்டிருக்கிறார். செக் திரும்பிய 138 வழக்கு ஒன்றும் தனியாக ஓடுகிறது. நாலு லட்சம் போனால் போகிறது. ஆனால் மூன்று தவணை கட்டிவிட்டுக் கையை விரித்தால் மறுபடி முதலிலிருந்தா?

குமாஸ்தா62:
முதலிலிருந்து இல்லை. சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 23 ரூல் 3-ன்படி இரண்டு பேரும் கையெழுத்துப் போட்ட ராஜி மெமோவை நீதிபதி பதிவு செய்து டிகிரி (தீர்ப்பாணை) கொடுத்துவிட்டால், தவணை தவறியதும் கோர்ட் மூலமே பணத்தை வசூலிக்க நேரே நிறைவேற்று மனுதான், அதற்கு 12 வருடம் அவகாசம் இருக்கிறது. இருவரும் சம்மதித்து வாங்கிய டிகிரி என்பதால் அவர் அப்பீல் போக முடியாது, ஏமாற்றிக் கையெழுத்து வாங்கினார்கள் என்று சொன்னாலும் தனி வழக்குப் போடாமல் அதே கோர்ட்டில்தான் வந்து சொல்ல வேண்டும்.

தொகையைவிட அதை எழுதும் விதம்தான் முக்கியம். "14 லட்சத்துக்கு ராஜி, தவறினால் 18 லட்சம்" என்று எழுதினால், அந்த அதிகப்படி 4 லட்சம் அபராதம் என்று பின்னால் வாதாடுவார்கள். "18 லட்சம் கடன் என்று ஒப்புக்கொள்கிறேன், அதற்கு டிகிரி ஆகட்டும், தேதி தவறாமல் 14 லட்சம் கட்டினால் மீதி தள்ளுபடி" என்று எழுதச் சொல்லுங்கள். ஒரே கணக்குதான், ஆனால் இப்படி எழுதினால் அது சலுகை. தவணை தவறினால் சலுகை போய்விடும், அவ்வளவுதான்.

பழைய கடனாளி:
நான் எதிர்ப்பக்கம் நின்றவன், அதனால் சொல்கிறேன். டிகிரிக்குப் பிறகு இரண்டு தவணையை நம்பிக்கையில் ரொக்கமாகக் கையில் கொடுத்தேன், ரசீது வாங்கவில்லை. அந்தப் பணத்தையும் சேர்த்து நிறைவேற்று மனு போட்டார்கள்! கோர்ட்டில் பதிவாகாத பணத்தைக் கட்டியதாகவே எடுத்துக்கொள்ள மாட்டார்கள் என்று அப்புறம்தான் தெரிந்தது. உங்களுக்கும் தலைவலி வேண்டாம், எல்லாமே வங்கி வழியாக என்று மெமோவிலேயே கணக்கு எண்ணோடு போட்டுவிடுங்கள்.

நூல்கடைக்காரன்:
அந்த 54,000? 138 வழக்கை இப்போதே வாபஸ் வாங்கு என்றும் கேட்கிறார்.

குமாஸ்தா62:
ஃபீஸ் திரும்பக் கிடைக்கும். லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றம்) முடித்தால்தான் கிடைக்கும் என்று பல பேர் நினைக்கிறார்கள். தமிழ்நாடு கோர்ட் ஃபீஸ் சட்டம் 69-ஏ பிரிவு, வெளியே பேசி முடித்த ராஜிக்கும் பொருந்தும் என்று 2021-ல் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. மனு போடச் சொல்லி வக்கீலை ஞாபகப்படுத்துங்கள், அவர்களாகச் செய்ய மாட்டார்கள்.

138-ஐ இப்போதே விடாதீர்கள். கடைசித் தவணை வந்த பிறகு வாபஸ் என்று மெமோவில் ஒரு வரி. அதற்கு ஒத்துக்கொள்ளவில்லை என்றால் முதல் தவணையையாவது பெரிதாக, 5 லட்சமாகக் கேளுங்கள். ஆள் நிஜமாகவே கட்டப்போகிறாரா என்று அதிலேயே தெரிந்துவிடும்.

நூல்கடைக்காரன்:
5 லட்சம் கேட்டேன். "வீட்டில் கேட்டுச் சொல்கிறேன்" என்றார், நாலு நாளாகப் போனை எடுக்கவில்லை. வாய்தா அடுத்த வியாழன்.