கயிறு சுருட்டுபவரின் பங்கு

போன மாசியில் தனுஷ்கோடியில் கரைவலை இழுக்கும் நண்பன் வீட்டில் இரண்டு நாள் தங்கினேன். அடுத்த குடிசையில் ஒரு பெரியவர் தனியாக இருக்கிறார். எல்லாரும் பெரியப்பா என்றுதான் கூப்பிடுகிறார்கள், நானும் அப்படியே கூப்பிட்டேன். 1964 டிசம்பர் புயலில் கடல் ஊரை அடித்துக்கொண்டு போனபோது அவருக்கு எட்டு வயதாம். மனிதர் வாழத் தகுதியில்லாத இடம் என்று அரசு அறிவித்த பிறகும், மீனை நம்பித் திரும்பி வந்த குடும்பங்களில் அவருடையதும் ஒன்று.

விடியும் முன்பே குடத்தோடு ஊற்றுக்குப் போகிறார். சுற்றிலும் உப்புக் கடல், ஆனால் மணலைக் கையால் கொஞ்சம் தோண்டினால் நல்ல தண்ணீர் ஊறுகிறது. மழைத் தண்ணீர் மணலுக்குள் இறங்கி உப்புத் தண்ணீருக்கு மேலே நிற்பதால் அப்படி, ஆழமாகத் தோண்டினால் கரித்துவிடும். சிரட்டையால் அலுங்காமல் மோக்க வேண்டும். நான் அவசரத்தில் கலக்கிவிட்டேன். "விடுப்பா, அதுவா தெளியும்" என்று சொல்லிவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டார்.

அப்புறம் கரைவலை. வாடைக் காலம் என்பதால் தெற்கே ஆண் கடல் என்று அவர்கள் சொல்லும் மன்னார் வளைகுடா அடங்கிக் கிடந்தது, அந்தப் பக்கம்தான் வலை விட்டிருந்தார்கள். இரண்டு பக்கமும் ஆட்கள் நின்று இழுத்தும், மீன் சேரும் பையான மடி கரைக்கு வர மணிக்கணக்காகிறது. இழுக்கப் பெரியப்பாவுக்கு இப்போது தோளில் வலுவில்லை. கடைசி ஆளின் காலடியில் வந்து விழும் ஈரக் கயிற்றை மணலில் உட்கார்ந்து வட்டம் வட்டமாகச் சுருட்டுகிறார், ஒட்டியிருக்கும் பாசியைப் பெருவிரலால் வழித்த பிறகுதான் அடுத்த சுற்று. அந்த விரலில் ரேகையே இல்லை, வழுவழுவென்று தேய்ந்திருந்தது.

அன்று காரலும் கொஞ்சம் சாளையும்தான் பட்டது. பங்கு பிரித்தபோது இழுத்தவர்களுக்கு வைத்த அதே அளவு அவருக்கும் வைத்தார்கள். வயதானவர் என்று இரக்கப்பட்டுக் கொடுக்கிறார்களோ என்று நண்பனிடம் தனியாகக் கேட்டேன், அவனுக்குக் கோபம் வந்துவிட்டது. "கயிறு சிக்குனா நாளைக்கு எப்படி வலை விடுறது? அவரு வேலைக்கு அவரு பங்கு." அப்படிக் கேட்டிருக்கக் கூடாது என்று இன்றைக்கும் உறுத்துகிறது.

தன் பங்கில் பாதியை நண்பன் வீட்டில் கொடுத்துவிடுகிறார். ராத்திரி அங்கிருந்து சோறும் குழம்பும் போகிறது. எடுத்துப் போவது நண்பனின் ஆறு வயது மகள். அவள் வீட்டில் சரியாகச் சாப்பிடுவதே இல்லையாம். பெரியப்பா முள் எடுத்து ஊட்டும் மீனைச் சாப்பிடத்தான் அங்கே ஓடுகிறாள் என்று அவள் அம்மா சொன்னார்.