ஜகார்த்தாவின் பசார் செனென் சந்தையில் பழைய துணி: தடை யாரைத் தடுக்குது?

சாக்குமார்க்:
இந்தோனேசிய இளசுகளோட 'திரிஃப்டிங்', அதாவது பழந்துணி வாங்கி உடுத்துற மோகம் புதுசுன்னு எழுதுறாங்க. மோகம் புதுசு, சரக்கு பழசு. இறக்குமதிப் பழந்துணிக்கு மேடானில் மொன்ஸான்னு பேர். மக்காசரில் சாக்கார்: 'சாப் காருங்', அதாவது சாக்கு மார்க். பாண்டுங்கில் சிமோல், சிபாடாக் மால்ங்கிறதோட சுருக்கம். சந்தை கெடேபாகேக்கு மாறியும் பேர் ஒட்டிக்கிச்சு. இல்லாதவன் உடுத்தினதுக்கு ஜகார்த்தா பிள்ளைங்க இங்கிலீஷ் பேர் வெச்சதும்தான் அரசுக்கு உறுத்துது.

பாவுநூல்:
பேரா உறுத்துச்சு? 2014 வணிகச் சட்டமே இறக்குமதி புதுப் பொருளா இருக்கணும்னு சொல்லுது. மீறுற இறக்குமதியாளருக்கு 5 வருஷம் வரை சிறை, 500 கோடி ரூபியா வரை அபராதம். பழந்துணிக்குன்னே 2015ல் தனித் தடை. பாண்டுங் சின்னத் தையல் பட்டறைக்காரர் துணி, நூல், கூலி எல்லாம் போட்டு ஒரு டீ-ஷர்ட் தைக்கிறார். பேல்ல, அதாவது அமுக்கிக் கட்டின பொதியில வர்ற பழைய சட்டைக்கு இதில் எந்தச் செலவும் இல்லை. எப்படிப் போட்டி போடுவார்?

சாக்குமார்க்:
2023 மார்ச்ல சுமத்ராத் தீவின் பெக்கான்பாரு நகரத்தில் அரசு 730 பேலைக் கொளுத்துச்சு. செனென் மூடிடுச்சா? சுமத்ராவோட கிழக்குக் கரை முழுக்கச் சின்னச் சின்ன இறங்குதுறை. 'ஜாலுர் திகுஸ்', எலிப்பாதைன்னு அவங்களே சொல்றாங்க. அதை அடைக்காம கடைக்காரனை விரட்டி என்ன பயன்? பட்டறைக்காரர் வயித்துல அடிக்கிறது மலிவுப் புதுத்துணியும்தான். அதை லைவ்ல வித்த டிக்டாக் ஷாப் 2023 அக்டோபர் 4ல் மூடுச்சு, டிசம்பர்லயே டோக்கோபீடியாங்கிற இந்தோனேசிய ஆன்லைன் சந்தை வழியா திரும்பிடுச்சு.

பாவுநூல்:
ரெண்டு ஓட்டை இருக்குன்னு ஒண்ணைத் திறந்தே விடலாமா? சுகாதாரத்தையும் பாருங்க. 2015ல் வணிக அமைச்சகம் செனென்ல 25 மாதிரி எடுத்துப் பரிசோதிச்சு, பாக்டீரியாவும் பூஞ்சையும் இருக்குன்னு சொல்லுச்சு.

கழுத்துப்பட்டி:
பூஞ்சைக்குக் காரணம் பேலே தான். கிட்டத்தட்ட 100 கிலோ துணியை அமுக்கிக் கட்டி, ஈரக்காத்துல கப்பல்ல வருது. வாங்கினதைத் தனியா ஊறவைங்க. வெள்ளைப் பருத்தின்னா 60 டிகிரி வெந்நீர், அரைமணி நேரம். கம்பளிக்கு அந்தச் சூடு காட்டினா குழந்தைச் சட்டை ஆயிடும். ரப்பர் பிரிண்ட் இருந்தா உள்பக்கம் திருப்பி வெதுவெதுப்புல போடுங்க, இல்லேன்னா படம் வெடிக்கும். செயற்கைத்தோல் ஜாக்கெட்டை மடக்கிப் பாருங்க. மடிப்புல பொடி உதிர்ந்தா வாங்காம திருப்பி வெச்சிடுங்க, அதுக்கு வைத்தியம் இல்லை.

இசைக்குழுப் படம் போட்ட பழைய டீ-ஷர்ட்னு விலை ஏத்துவாங்க. ஓரத்துல ஒத்தைத் தையல் இருந்தா தொண்ணூறுகளின் நடுப்பகுதிக்கு முந்தினதுன்னு ஒரு கணக்கு. ஆனா இப்ப ஒத்தைத் தையலோடயே போலி வருது. லேபிள் மட்டும் பளபளன்னு, கழுத்துப் பட்டை தளர்ந்து இருந்தா சந்தேகப்படுங்க: ரெண்டும் சேர்ந்தே தேஞ்சிருக்கணும்.

பாவுநூல்:
இவ்வளவு பார்த்து வாங்குறவன் ஏழையா, சேகரிப்பாளனா? மொன்ஸா ஏழைக்குன்னு மேலே சொன்னீங்களே.

சாக்குமார்க்:
சரியான அடி. பேல் பிரிச்சதும் நல்லது பத்து இன்ஸ்டாகிராமுக்குப் போகுது. பேல் காசை அதுவே எடுத்துடும். மிச்சம்தான் குவியல்ல. இளசுகள் வந்தப்புறம் ஏழைக்குக் கிடைக்கிற தரம் இறங்கிடுச்சுன்னு ஒத்துக்கிறேன். ஆனா அதுக்கு நெருப்பு மருந்தில்லை. வெட்டித் துடைப்புத் துணியாவாவது வித்திருக்கலாம்.

பாவுநூல்:
வித்தா அடுத்த வாரம் அதே பேல் செனென்ல நிக்கும் சார்.